ரெண்டு நிலா இருக்கிற உலகத்துக்கு ஒரு கால அளவு கட்டுறது எப்படி

கதைக்கோ கேமுக்கோ காமிக்ஸுக்கோ புதுசா ஒரு உலகம் கட்டுறவங்க நிறைய பேர் மொத வேலையா வானத்துல ரெண்டு மூணு நிலாவை ஏத்தி விட்டுடுவாங்க, அதுல தப்பே இல்ல, ஆனா அப்புறம் அந்த உலகத்து ஆளுங்க எல்லாரும் "அடுத்த வாரம் பாக்கலாம்", "ரெண்டு மாசத்துல திருப்பிக் குடுத்துடுறேன்"னு நம்மள மாதிரியே பேசிட்டு இருப்பாங்க. மாசம்ங்கிறது நம்ம ஒத்தை நிலா நமக்கு குடுத்த அளவு. ரெண்டு நிலா ஓடுற வானத்துக்கு கீழ பொறந்து வளர்ந்தவன் எதுக்கு அதே அளவுல எண்ணணும்? அவனுக்கு அவன் வானம் குடுக்கிற அளவுதானே வரும்.

சரி, அந்த அளவை எப்படி உருவாக்குறது, அதைத்தான் ஸ்டெப் ஸ்டெப்பா சொல்றேன். பெரிய கணக்கு எதுவும் வேணாம், பெருக்கல் வகுத்தல் தெரிஞ்சா போதும், ஸ்ப்ரெட்ஷீட் போடத் தெரிஞ்சா இன்னும் சுலபம். உதாரணத்துக்கு ஒரே ஒரு உலகத்தை எடுத்துக்கிட்டு கடைசி வரைக்கும் அதையே ஓட்டலாம். பெரிய நிலா பேரு அல்லி, சின்ன நிலா பேரு துடி. கோள் நம்ம பூமி மாதிரியே, நாளுக்கு 24 மணி நேரம், வருஷத்துக்கு மட்டும் 412 நாள்.

ஸ்டெப் 1: நம்பரை எடுக்காதீங்க, ஆளை எடுங்க

புதுசா வர்றவங்க பெரும்பாலும் "ஒரு அளவு சமம் 20 நாள், 20 அளவு சமம் ஒரு வருஷம்"னு அழகா ரவுண்டா ஆரம்பிப்பாங்க. பேப்பர்ல பாக்க நல்லாத்தான் இருக்கும், ஆனா கதைக்குள்ள அது உயிரோட இருக்காது, ஏன்னா அந்த அளவை யாரு எதுக்காக எண்ணுறாங்கன்னு எழுதுறவருக்கே தெரியாது. அதனால மொதல்ல கேக்க வேண்டிய கேள்வி இதுதான்: இந்த உலகத்துல யாருக்கு நாள் எண்ணுற தேவை இருக்கு? கடன் குடுத்தவனுக்கு தவணை தெரியணும், படகுக்காரனுக்கு எப்ப தண்ணி ஏறும்னு தெரியணும், கூலி குடுக்கிறவனுக்கு ஒரு கெடு வேணும், வயித்துப் பிள்ளைக்காரிக்கு பேறுகாலம் எப்பன்னு தெரியணும். இவங்க யாருகிட்டயும் கருவி கிடையாது, இருக்கிறது கண்ணும் ராத்திரி வானமும்தான்.

கடல் பயணம் இருக்கிற கதைன்னா இன்னொரு தேவையும் வரும், அது நம்ம வரலாற்றுலயே நடந்திருக்கு. 1610ல கலிலியோ வியாழனோட நாலு பெரிய நிலாவையும் கண்டுபிடிச்சாரு, அப்புறம் அதுகளோட ஓட்டத்தையே ஒரு கடிகாரமா வெச்சு கப்பல்காரங்க தீர்க்கரேகை கணக்கு பண்ணலாம்னு யோசனையும் சொன்னாரு. ஆடுற கப்பல்ல டெலஸ்கோப்பை நிலையா பிடிச்சு பாக்க முடியாததால கடல்ல அது எடுபடல, ஆனா தரைல நல்லாவே வேலை செஞ்சுது. அதுல உள்ள ஐஓ நிலா 42 மணி நேரத்துக்கு ஒரு தடவை வியாழனோட நிழலுக்குள்ள போய் மறையும், அந்த நேரம் கணக்குக்கு முன்ன பின்ன ஆகுதுன்னு கவனிச்சுத்தான் 1676ல ரோமர்ங்கிறவரு வெளிச்சத்துக்கும் ஒரு வேகம் உண்டுன்னு சொன்னாரு. வேகமா சுத்துற ஒரு நிலா இருந்தா உங்க கதைல மணி பாக்கிறதுக்கே அதை வெச்சுக்கலாம்.

நம்ம உதாரணத்துல தேவை தவணையும் கூலியும்னு வெச்சுப்போம், சந்தைல வட்டிக்கு விடுற ஆளு ஒருத்தர் இருக்காரு, அவருக்கு கெடு வேணும், அதை ரெண்டு பேரும் நிமிர்ந்து பாத்து ஒத்துக்கணும், பின்னாடி சண்டை வரக்கூடாது.

ஸ்டெப் 2: எந்த நிகழ்வை எண்ணப் போறீங்க

நிலா ஒண்ணுதான்னாலும் அது குடுக்கிற அளவு ஒண்ணு இல்ல. நம்ம நிலாவையே பாருங்க, ஒரு நட்சத்திரத்துக்கு பக்கத்துல இருந்து கெளம்பி மறுபடி அதே நட்சத்திரத்துக்கு வர 27.32 நாள், ஒரு பௌர்ணமிலேர்ந்து அடுத்த பௌர்ணமிக்கு 29.53 நாள். பஞ்சாங்கத்துல 27 நட்சத்திரம் வர்றது மொத கணக்கை வெச்சு, 30 திதி வர்றது ரெண்டாவதை வெச்சு. திதிங்கிறது இன்னும் சுவாரசியமான அளவு, சூரியனுக்கும் நிலாவுக்கும் நடுவுல உள்ள கோணம் 12 டிகிரி கூடினா ஒரு திதி முடிஞ்சுது, அவ்வளவுதான். நிலா சில நாள் வேகமா ஓடும் சில நாள் மெதுவா ஓடும், அதனால ஒரு திதி 19 மணி நேரத்துலயும் முடியும், 26 மணி நேரம் வரைக்கும் இழுக்கவும் செய்யும். நேரத்தை நேரத்தால பிரிக்காம கோணத்தால பிரிக்கிற இந்த ஐடியாவை கற்பனை உலகம் கட்டுறவங்க யாரும் எடுக்கிறதே இல்ல, கண்ணு முன்னாடி கெடக்குது.

ரெண்டு நிலா வந்துட்டா லிஸ்ட் இன்னும் நீளும். அல்லியோட வளர்பிறை தேய்பிறை, துடியோட வளர்பிறை தேய்பிறை, ஒண்ணு இன்னொண்ணை தாண்டிப் போற நேரம், ரெண்டும் நேர் எதிரெதிரா நிக்கிற நேரம், ரெண்டோட இழுப்பும் சேர்ந்து கடல் பெருசா ஏறுற நேரம். இதுல எல்லாத்தையும் எடுக்கணும்னு ஆசைப்படாதீங்க, மெயினா ஒண்ணு, துணைக்கு ஒண்ணு, அதுக்கு மேல வாசகர் மண்டைல ஏறாது. என் சாய்ஸ் ஒண்ணு இன்னொண்ணை தாண்டிப் போறதுதான். காரணம், அது ஒத்தை நிலா இருக்கிற நமக்கு சுத்தமா கெடையாத ஒரு அளவு, வேற உலகம்னு படிக்கிறவருக்கு உடனே தெரியும். அதுக்கு கூடல்னு பேரு வெச்சுப்போம்.

ஸ்டெப் 3: நிலாக்களை உடையாத இடத்துல வைங்க

இப்பதான் நம்பர். ஒவ்வொரு நிலாவும் கோளை ஒரு சுத்து சுத்த எத்தனை நாள்னு நீங்க முடிவு பண்ணலாம், ஆனா இஷ்டத்துக்கு பண்ண முடியாது. ரொம்ப தூரத்துல வெச்சா சூரியன் பிடுங்கிட்டுப் போயிடும், பத்திரமா இருக்கணும்னா நிலாவோட சுத்து கோளோட வருஷத்துல ஒன்பதுல ஒரு பங்கைத் தாண்டாம பாத்துக்கங்க. 412 நாள் வருஷத்துக்கு அது சுமார் 45 நாள். ரொம்ப கிட்ட வெச்சா கோளோட இழுப்புல நிலாவே நொறுங்கிடும், பூமி மாதிரி கோளுக்கு 18,000 கிலோமீட்டர் பக்கத்துல அந்த ஆபத்து ஆரம்பிக்குது, அதுக்கு எவ்வளவு தள்ளி வெக்கிறீங்களோ அவ்வளவு நல்லது.

நான் அல்லிக்கு 36 நாள், துடிக்கு 9.5 நாள் எடுத்துக்கிறேன். தூரம் வேணும்னா கெப்ளர் விதி இருக்கு, சுத்துற நேரத்தோட வர்க்கமும் தூரத்தோட கனமும் ஒரே விகிதத்துல போகும், நம்ம நிலாவோட 27.32 நாளும் 3,84,400 கிலோமீட்டரும் அளவுகோல். அதுல போட்டா அல்லி சுமார் 4,62,000 கிலோமீட்டர்ல வரும், துடி சுமார் 1,90,000 கிலோமீட்டர்ல வரும். ரெண்டுக்கும் நடுவுல நல்ல இடைவெளி இருக்கு, ஒண்ணை ஒண்ணு தொந்தரவு பண்ணாது.

இடைவெளி இல்லாம வெச்சா என்ன ஆகும்னு கேட்டா சனிக்கிட்ட ஒரு ஜோடி இருக்கு, ஜானஸ், எபிமீதியஸ். ரெண்டோட பாதைக்கும் வித்தியாசம் சுமார் 50 கிலோமீட்டர்தான், நிலாக்களோட அகலமே அதை விட அதிகம். மோத வேண்டியதுதானேன்னு தோணும், ஆனா பக்கத்துல வரும்போது ஒண்ணு ஒண்ணை இழுத்து பாதையை மாத்திக்கும், உள்ள ஓடினது வெளிய, வெளிய ஓடினது உள்ள, நாலு வருஷத்துக்கு ஒரு தடவை இப்படி. இதையே ஒரு யுக அளவா வெச்சு ஒரு உலகம் கட்டலாம், ஆனா அது மொத முயற்சிக்கு வேணாம், கை பழகின அப்புறம் பண்ணுங்க.

அப்புறம் சைஸ். வானத்துல பாதியை அடைச்சுக்கிட்டு ஒரு பிரம்மாண்ட நிலாவை படம் போடுற ஆசை எல்லாருக்கும் வரும். அதுக்கு முன்னாடி ஒரு விதியை ஞாபகம் வெச்சுக்கங்க, அலை ஏத்தம் நிலா கண்ணுக்கு எவ்வளவு அகலமா தெரியுதோ அதோட கனத்துல கூடும், அடர்த்தி ஒண்ணா இருந்தா. ரெண்டு மடங்கு அகலமா தெரிஞ்சா எட்டு மடங்கு அலை, நாலு மடங்குன்னா அறுபத்திநாலு மடங்கு, கரையோரத்துல ஒரு ஊரும் மிஞ்சாது. துடியை 900 கிலோமீட்டர் அகலம்னு வெச்சா நம்ம நிலாவுல பாதி அகலத்துக்கு தெரியும், அலைல நம்ம நிலா பண்றதுல ஏழுல ஒரு பங்கு மட்டும் பண்ணும், படகுக்காரங்க கவனிக்கிற அளவுக்கு உண்டு, ஊரை முழுகடிக்கிற அளவுக்கு இல்ல.

இன்னொண்ணு, நிலா கோளோட சுழற்சியை விட வேகமா சுத்தினா அது மேற்குல உதிச்சு கிழக்குல மறையும். செவ்வாயோட ஃபோபோஸ் அப்படித்தான், 7 மணி 39 நிமிஷத்துல ஒரு சுத்து. அதே செவ்வாய்ல டெய்மோஸ் நிலாவுக்கு 30 மணி நேரம் ஆகுது, அங்க ஒரு நாளும் கிட்டத்தட்ட அவ்வளவுதான் நீளம்ங்கிறதால அது ஒரு தடவை உதிச்சா ரெண்டு நாளுக்கு மேல வானத்துலயே ஊர்ந்துக்கிட்டு இருக்கும். புளூட்டோவும் அதோட சாரன் நிலாவும் இன்னும் மோசம், ரெண்டும் 6.4 நாள்ல ஒண்ணை ஒண்ணு பாத்தபடியே சுத்துறதால புளூட்டோல ஒரு பக்கத்துல நிலா அசையாம அதே இடத்துல நிக்கும், மறு பக்கத்துல நிலாவே கிடையாது. அங்க நிலாவை வெச்சு காலம் எண்ணுறவனும் நிலான்னா என்னன்னே தெரியாதவனும் ஒரே கோள்ல இருப்பாங்க. நல்ல கதைக்கரு, வேணும்னா எடுத்துக்கங்க.

ஸ்டெப் 4: கண்ணுக்கு தெரியிற நம்பரா மாத்துங்க

36 நாள், 9.5 நாள்ங்கிறது நட்சத்திரத்தை வெச்சு பாத்த சுத்து. தரைல இருக்கிறவன் பாக்கிறது பிறை. கோளும் சூரியனை சுத்திக்கிட்டு இருக்கிறதால பிறை முழுசா ஒரு சுத்து வர கொஞ்சம் கூடுதலா ஆகும். ரெண்டையும் பெருக்கி, வித்தியாசத்தால வகுக்கணும், அவ்வளவுதான் சூத்திரம். அல்லிக்கு 36ஐயும் 412ஐயும் பெருக்கி 376ஆல வகுத்தா 39.45 நாள். துடிக்கு அதே மாதிரி போட்டா 9.72 நாள். கூடலுக்கும் அதே சூத்திரம்தான், 36 தடவை 9.5, வகுத்தல் 26.5, விடை 12.906 நாள்.

அதாவது 12 நாள் 21 மணி 44 நிமிஷம். இந்த இடத்துல புதுசா வர்றவங்க எல்லாரும் பண்றது அதை பிடிச்சு 13 ஆக்கி விடுறது. தயவுசெஞ்சு பண்ணாதீங்க. அந்த குறையிற ரெண்டேகால் மணி நேரத்துலதான் உங்க உலகமே இருக்கு, ஏன்னு அடுத்த ரெண்டு ஸ்டெப்புல பாருங்க.

ஸ்டெப் 5: தரைல நின்னு வரையறை எழுதுங்க

எனக்கு இதுதான் எல்லாத்துலயும் முக்கியமான ஸ்டெப், பெரும்பாலானவங்க தாண்டிப் போறதும் இதைத்தான். "ரெண்டு நிலாவும் ஒண்ணா சேர்ற நேரம் கூடல்"னு எழுதிட்டா போதுமா? அந்த சரியான நேரம் நட்ட நடுப்பகல்ல வரலாம், ரெண்டும் அடிவானத்துக்கு கீழ இருக்கும்போது வரலாம். வட்டிக்காரர் எதைப் பாத்து கெடு முடிஞ்சுதுன்னு சொல்வாரு?

துடி ஒரு நாளைக்கு அல்லியை விட சுமார் 28 டிகிரி அதிகமா நகருது. கையை நீட்டி முஷ்டியை மடக்கிப் பிடிச்சா அதோட அகலம் 10 டிகிரி கிட்ட வரும், அப்ப ஒரு ராத்திரிக்கும் மறு ராத்திரிக்கும் கிட்டத்தட்ட மூணு முஷ்டி இடம் மாறும். அதனால பெரும்பாலான கூடல்ல ஜனங்க பாக்கிறது நிலாக்கள் உரசிக்கிட்டு நிக்கிற காட்சி இல்ல, நேத்து ராத்திரி அல்லிக்கு மேற்கால இருந்த துடி இன்னைக்கு ராத்திரி கிழக்கால வந்திருக்கு, அதைத்தான். ஆக வரையறை இப்படி வரணும்: துடி அல்லிக்கு கிழக்கு பக்கம் தெரியிற மொத ராத்திரிதான் கூடல் ராத்திரி. குழந்தை கூட பாத்து சொல்லிடும், சண்டைக்கு இடமே இல்ல.

கணக்குல ஒரு நாளை எடுத்துப் பாப்போம். ரெண்டு நிலாவும் சூரியனும் ஒரே திசைல இருக்கிற நாளை பூஜ்யம்னு வெச்சுக்கங்க. 13ஆவது நாள் அல்லி 130 டிகிரி போயிருக்கும், துடி ஒரு முழு சுத்து முடிச்சு 132.6 டிகிரில இருக்கும், சூரியன் 11.4 டிகிரி நகர்ந்திருக்கும். அல்லி சூரியனுக்கு 119 டிகிரி கிழக்க, முக்கால் வட்டம் வெளிச்சத்தோட, சாயங்காலம் இருட்டும்போதே நல்லா மேல ஏறி நிக்குது, துடி அதுக்கு ரெண்டரை டிகிரி கிழக்க, அதே முக்கால் வட்டம், சின்னதா. இப்படி ஒரு ராத்திரியை நம்பரோட பாத்துட்டு எழுதினா உங்க வர்ணனைல தப்பே வராது. ரெண்டு நிலா பக்கத்துல பக்கத்துல இருக்கும்போது ஒண்ணு பிறையாவும் இன்னொண்ணு பௌர்ணமியாவும் இருக்கிற மாதிரி படம் போடுறாங்க பாருங்க, அது நடக்கவே நடக்காது, பக்கத்துல இருந்தா ரெண்டுக்கும் பிறை ஒண்ணாத்தான் இருக்கும்.

இப்ப ஒரு சிக்கல், அதுவும் நல்ல சிக்கல். ஒரு கூடலுக்கும் அடுத்த கூடலுக்கும் நடுவுல அல்லியோட பிறை கிட்டத்தட்ட மூணுல ஒரு சுத்து முன்னாடி போகுது, அதனால மூணு கூடல் போனா ஏறக்குறைய பழைய பிறைக்கே வந்து நிக்கும், ஆனா சரியா நிக்காது, ஆறரை டிகிரி சொச்சம் பின்தங்கும். மூணுல ஒரு கூடல் அமாவாசை கிட்ட விழுந்தா அது சூரிய வெளிச்சத்துல காணாமப் போயிடும், அதை குருட்டுக் கூடல்னு சொல்லலாம். சூரியனுக்கு ரெண்டு பக்கமும் 15 டிகிரிக்குள்ள இருந்தா தெரியாதுன்னு வெச்சா, நாலஞ்சு தடவை வரிசையா மூணாவது மூணாவது கூடல் குருடாப் போகும், அது ஏறக்குறைய அரை வருஷம் இழுக்கும், அப்புறம் 500 நாளுக்கு மேல எல்லா கூடலும் நல்லா தெரியும், மறுபடி குருட்டுப் பருவம் வரும். மொத்த சுழற்சி 700 நாளுக்கு கொஞ்சம் கம்மி. குருட்டுக் கூடல்ல கெடு முடியிற கடனுக்கு என்ன பண்றது? முந்தின கூடல்லேர்ந்து பதிமூணு ராத்திரி எண்ணுவாங்களா, இல்ல தவணையே கெடையாதுன்னு சொல்லுவாங்களா, அந்தப் பருவத்துல யாரும் கடனே குடுக்க மாட்டாங்களா? பதில் நீங்கதான் சொல்லணும், எதைச் சொன்னாலும் கதை நகரும். 13னு ரவுண்டு பண்ணி இருந்தா, 13 நாளைக்கு ஒரு தடவைன்னு காலண்டர்ல கோடு போட்டு முடிச்சிருப்பீங்க, இதுல ஒண்ணுமே வந்திருக்காது.

ஸ்டெப் 6: நாளோடயும் வருஷத்தோடயும் ஒட்டுங்க

ஜனங்க முழு நாளாத்தான் எண்ணுவாங்க. 12.906ங்கிறதால பெரும்பாலான கூடல் 13 நாள் வரும், பத்து பதினொண்ணுல ஒண்ணு 12 நாள்ல முடியும். 32 கூடல் எடுத்தா அதுல 29 நெட்டை, மூணு குட்டை, மொத்தம் 413 நாள்.

வருஷம் 412 நாள். ஒரே ஒரு நாள்தான் இடிக்குது. 32 கூடலையே ஒரு வருஷம்னு வெச்சுக்கிட்டா புது வருஷம் ஒவ்வொரு தடவையும் பருவத்துக்கு ஒரு நாள் பிந்தி வரும், பதிமூணு வருஷத்துல பதிமூணு நாள், அதாவது சரியா ஒரு கூடல் பிந்திடும். அப்ப பதிமூணு வருஷத்துக்கு ஒரு தடவை 31 கூடல்ல வருஷத்தை முடிச்சா கணக்கு தீர்ந்துது. 13 வருஷத்துக்கு 415 கூடல், மிஞ்சுற வித்தியாசம் நாலு மணி நேரம் கூட இல்ல. நான் இதுக்காக நம்பரை வளைக்கல, ஸ்ப்ரெட்ஷீட்ல வருஷ எண்ணிக்கையை வருஷத்தோட நாளால பெருக்கி, கூடலோட நாளால வகுத்து கீழ இழுத்துக்கிட்டே போனா எந்த உலகத்துக்கும் இப்படி ஒரு பொருத்தம் எங்கயாவது தட்டுப்படும். நம்ம நிலாவுக்கு அது 19 வருஷத்துக்கு 235 மாசம், வித்தியாசம் ரெண்டு மணி நேரம் சொச்சம்.

நம்ம உலகத்துல 12 நிலா மாசம் சேர்ந்தா 354 நாள், வருஷத்துக்கு 11 நாள் குறையுது. இதுக்கு மனுஷங்க மூணு விதமா தீர்வு கண்டிருக்காங்க. போனா போகுதுன்னு விட்டுட்டு மாசம் எல்லா பருவத்துலயும் சுத்தி வர விடுறது ஒண்ணு, அப்பப்ப ஒரு அதிக மாசத்தை சொருகுறது ரெண்டு, நிலாவையே கழட்டி விட்டுட்டு சூரியனை மட்டும் பிடிச்சுக்கிறது மூணு. உங்க உலகத்துல எது? ஒரே நாட்டுக்குள்ள விவசாயி ஒண்ணையும் மாலுமி இன்னொண்ணையும் வெச்சிருந்தா இன்னும் நல்லா இருக்கும். பதிமூணாவது வருஷத்துல ஒரு கூடலை வெட்டணும்னு அறிவிக்கிற அதிகாரம் யாருகிட்ட இருக்குன்னும் யோசிங்க, அந்த வெட்டுப்பட்ட கூடலுக்கு வட்டி உண்டா, கூலி உண்டாங்கிறது சாதாரண கேள்வி இல்ல.

ஸ்டெப் 7: தீர்க்கதரிசனம் வைக்கிறதுக்கு முன்னாடி

"ஆயிரம் வருஷத்துக்கு ஒரு தடவை மூணு நிலாவும் ஒண்ணு சேரும் நாளில்"னு ஒரு வரி எல்லார் கதைலயும் வருது. மூணாவது நிலா ஒண்ணை சேத்துக்கிட்டு கணக்கு போட்டுப் பாருங்க. முதல் ரெண்டும் கூடுற நேரத்துல மூணாவது பக்கத்துல 10 டிகிரிக்குள்ள இருக்கணும்னா, 360ல 20 டிகிரி, அதாவது பதினெட்டு கூடலுக்கு ஒரு தடவை சராசரியா நடக்கும். நம்ம உலகத்துல அது 232 நாள், வருஷத்துக்கு ஒண்ணுக்கு மேல! அரை டிகிரிக்குள்ளன்னு கட்டாயம் பண்ணினா 360 கூடல், பதினோரு வருஷம் சொச்சம். ஆயிரம் வருஷம் வேணும்னா நிலாக்களோட பாதையை ஒண்ணுக்கு ஒண்ணு சாய்ச்சு வைக்கணும், அப்ப மேலயும் கீழயுமா தாண்டிப் போய்க்கிட்டே இருக்கும், ஒண்ணு மேல ஒண்ணு சரியா விழுறது அபூர்வமாயிடும். நம்ம நிலாவோட பாதை 5 டிகிரி சாஞ்சிருக்கிறதாலதானே மாசா மாசம் கிரகணம் வர்றதில்ல.

இன்னொரு குழி இருக்கு. நிலாக்களுக்கு 1, 2, 4ன்னு அழகான விகிதம் குடுத்துட்டு மூணும் சேரும்னு எழுதிடாதீங்க. வியாழனோட ஐஓ, யூரோப்பா, கனிமீடு மூணும் அந்த விகிதத்துலதான் ஓடுது, 1.77 நாள், 3.55 நாள், 7.15 நாள், ஆனா ஒண்ணை ஒண்ணு இழுத்து பூட்டிக்கிட்டதால மூணும் ஒரே பக்கம் ஒரே வரிசைல வந்து நிக்கவே நிக்காது. ரெண்டு சேரும்போது மூணாவது எப்பவும் வேற எங்கயாவது இருக்கும். பொய்த் தீர்க்கதரிசனம் வேணும்னு நெனச்சா மட்டும் இந்த விகிதத்தை எடுத்துக்கங்க, ஊரே காத்துக்கிட்டு இருக்கட்டும்.

ஸ்டெப் 8: அளவை உடைச்சு வாய்ல போட்டுப் பாருங்க

ஒரு கூடல் பதிமூணு நாள், அன்றாடத்துக்கு இது கொஞ்சம் நீளம். பாதியா உடைக்க வானமே வழி குடுக்குது, கூடலுக்கு ஆறரை நாள் கழிச்சு ரெண்டு நிலாவும் எதிரெதிரா இருக்கும், ஒண்ணு மறையிற நேரம் இன்னொண்ணு உதிக்கும். இதை விலகல்னு சொல்லலாம். கூடல்லேர்ந்து விலகல் ஆறு இல்லாட்டி ஏழு நாள், கூலி குடுக்க கச்சிதம், வாரம்ங்கிற வார்த்தையே தேவைப்படாது. அதுக்கும் கீழ வேணாம், ராத்திரி கணக்கே போதும், "விலகலுக்கு மூணாம் ராத்திரி"ன்னா யாருக்கும் புரியும். திதி மாதிரி கோணத்துல பிரிக்கணும்னா 30 டிகிரிக்கு ஒண்ணுன்னு பன்னெண்டு பிரிவு பண்ணலாம், ஒவ்வொண்ணும் 26 மணி நேரம் கிட்ட வரும், அது கோயில் ஆளுங்களுக்கோ வானியல் ஆளுங்களுக்கோ பொருந்தும், சந்தைக்காரனுக்கு பொருந்தாது.

மணி கூட நிலால பாக்கலாம். அல்லி தினமும் முந்தின நாளை விட சுமார் 37 நிமிஷம் பிந்தி உதிக்கும், துடி ரெண்டே முக்கால் மணி நேரம் பிந்தி உதிக்கும், நம்ம நிலாவுக்கு இது 50 நிமிஷம்.

பேச்சுல எழுதும்போது விளக்கம் குடுக்காதீங்க. "ஒரு கூடல், அதாவது பதிமூணு நாள்"னு கதைக்குள்ள எழுதினா எல்லாம் போச்சு, அந்த ஊர்க்காரன் அப்படி பேச மாட்டான். "ரெண்டு கூடலாச்சு, இன்னும் காசு வரல", "போன விலகலுக்கு வந்தவன்தான், அப்புறம் ஆளையே காணோம்"னு பேச விடுங்க, கூடவே யாராவது நிமிர்ந்து வானத்தைப் பாக்கட்டும், வாசகர் தானா பிடிச்சுப்பாரு. குருட்டுக் கூடல்ல பொறந்தவனை ஊர்ல எப்படி கூப்பிடுவாங்க, கெடு தவறினவனை எப்படி திட்டுவாங்க, அதெல்லாம் தானா வரும்.

வயசு, கர்ப்பம் ரெண்டையும் மறக்காம ஒரு ஓரத்துல எழுதி வெச்சுக்கங்க, இங்கதான் பெரும்பாலும் உதைக்கும். 412 நாள் வருஷத்துல இருபது வயசுன்னா நம்ம கணக்குல இருபத்திரெண்டரை. மனுஷக் கர்ப்பம் 280 நாள்னா அவங்களுக்கு அது இருபத்திரெண்டு கூடல் கிட்ட, ஒரு வருஷத்துக்கு ரொம்பவே கம்மி.

கடைசியா ஸ்ப்ரெட்ஷீட். மொத காலம்ல (column) நாள் எண், அடுத்த மூணு காலம்ல அந்த எண்ணை 360ஆல பெருக்கி 36, 9.5, 412ஆல தனித்தனியா வகுத்தது, எல்லாத்துலயும் 360ஆல வகுத்த மீதி மட்டும். அல்லிலேர்ந்து சூரியனை கழிச்சா அல்லியோட பிறை, துடிலேர்ந்து அல்லியை கழிச்சா கூடலுக்கு எவ்வளவு தூரம்னு தெரியும். கழிச்சது மைனஸ்ல போனா 360ஐ கூட்டிக்கங்க. கதை நடக்கிற நாட்களுக்கு மட்டும் இழுத்து விட்டா போதும், ஒவ்வொரு அத்தியாயத்துக்கும் நாள் எண்ணை தலைப்புக்கு பக்கத்துல குறிச்சு வெச்சுக்கங்க. நிஜ நிலாக்கள் நீள்வட்டத்துல ஓடுறதால முன்ன பின்ன ஆகும், நம்ம பௌர்ணமிக்கு பௌர்ணமியே 29 நாள் 6 மணிலேர்ந்து 29 நாள் 20 மணி வரைக்கும் மாறும், அதனால உங்க டேபிள்ல வர்ற நேரத்துக்கு அரை நாள் முன்ன பின்ன எழுதினாலும் யாரும் தப்பு சொல்ல முடியாது.